கதவைத் திறந்தாளா இல்லையா?

நான் நாடகம் எழுத வந்தது கலைத்தாகத்தால் அல்ல. கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஓர் இரும்பாலையின் ஸ்டோர்ஸில் வேலை. பாதுகாப்பு வார விழாவுக்கு, ஹெல்மெட் போடச் சொல்லி ஒரு நாடகம் எழுதுங்கள் என்றார் மேனேஜர். ஹெல்மெட்டை முதல் காட்சியிலேயே மாட்டி முடித்துவிட்டு, சண்டை போட்டுக்கொண்டு வீட்டை விட்டுப் போன ஒரு கணவனின் கதைக்குத் தாவிவிட்டேன்.

கேன்டீன்தான் மேடை. கடைசிக் காட்சியில் கணவன் திரும்பி வந்து கதவைத் தட்டுகிறான். மனைவி தாழ்ப்பாளில் கை வைக்கிறாள். அந்த நேரம் பார்த்து, சாப்பாட்டு இடைவேளை முடிந்ததென்று சங்கு ஊதியது. அத்தனை பேரும் எழுந்து போய்விட்டார்கள். காலி பெஞ்சுகளுக்கு முன்னால் அவள் கதவைத் திறந்தாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

மறுநாளிலிருந்து, கேன்டீனில் பாத்திரம் கழுவும் அக்கா என்னை விடவில்லை.

“இன்னா சார், அந்தப் பொண்ணு கதவத் தெறந்துச்சா இல்லியா?”

சொல்ல மாட்டேன் என்றேன். என் முடிவை ஜனங்கள் உட்கார்ந்து முழுசாகக் கேட்க வேண்டும் என்று வீம்பு. அந்த வீம்பில்தான் நாடகத்தை வானொலிக்கு அனுப்பினேன். எடுத்துக்கொண்டார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை, கவரைப்பேட்டையில் என் வீட்டு ரேடியோவில், மனைவி கதவைத் திறந்து கணவனின் மார்பில் சாய்ந்து அழுதாள். நானும் கூடவே கொஞ்சம் அழுதேன்.

திங்கட்கிழமை அக்கா முகத்தைச் சுளித்தார்.

“இதுக்கா சார் இத்தினி நாளு எங்கள பேஜாரு பண்ணீங்க? வேலைக்குப் போற பொம்பள இன்னா சொல்லுவா தெரியுமா? ‘சோறு வடிச்சி வெச்சிக்கிறேன். துன்னுட்டு, புள்ளைய இஸ்கோலுக்கு இட்டுக்கினு போ. எனுக்கு பஸ்ஸு வந்துடும்.’ அவ்ளோதான்.”

எனக்குப் பயங்கரக் கோபம். அவர் சொன்ன முடிவு நன்றாக இருந்ததுதான் கோபத்துக்குக் காரணம்.

சில வருஷம் கழித்து, ஒரு தொலைக்காட்சியில் அதே கதையைக் குறுந்தொடராகக் கேட்டார்கள். அக்காவிடம் சொல்லிவிட்டு, அவர் சொன்னதை அப்படியே எழுதிக் கொடுத்தேன். கடைசிப் பகுதியின் மறுஒளிபரப்பு மதியம் வந்தது. கேன்டீன் டிவியில் கணவன் கதவைத் தட்டினான். மனைவி தாழ்ப்பாளில் கை வைத்தாள். சங்கு ஊதியது. நான் பெஞ்சுகளைத் திரும்பிப் பார்த்தேன்.

ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. இல்லை, ஒருவர் எழுந்தார். அக்கா.

“எனுக்குத்தான் முடிவு தெரியுமே சார். அண்டா கழுவ வேணாமா?” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.