இறங்கு என்ற ஒரு சொல்

ஹியாம் எடுக்கும் படங்களில் யாருடைய முகமும் வராது. ஸ்டீயரிங் பிடித்த கைகள், ரொட்டி பிய்க்கும் விரல்கள், தூசி படிந்த காலணிகள், கூடவே குரல்கள். பெய்ரூட்டில் பலர் கிண்டல் செய்தார்கள். அவளுக்கு ஒலிப்பதிவு செய்துவந்த எனக்குக் காரணம் தெரியும்.

ஐம்பது வருடத்துக்கு முன், உள்நாட்டுப் போர் தொடங்கிய சமயம், அவள் சிறுமி. அடையாள அட்டையில் மதத்தைப் பார்த்தே ஆளைக் கொன்ற காலம். சாலையில் ஆயுதக்காரர்கள் காரை மறித்ததும் அவள் அப்பா அவளைப் பின்சீட்டுக்கு அடியில் தள்ளினார். "இறங்கு" என்றது ஒரு குரல். திறந்த கதவுக்கு வெளியே இரண்டு பூட்ஸ் கால்கள். இறங்கிய அப்பா திரும்பவில்லை. "நான் பாக்காத மூஞ்சியை எப்படிக் காட்டுறது?" என்பாள்.

போன வருடம் ஒரு படத்துக்காக டாக்சி ஓட்டும் அபு நபிலைப் பேசவைத்தோம். "சவாரிக்கு வர்றவன் வம்பு பண்ணா, இறங்குன்னுடுவேன்" என்றார். ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்த ஹியாம் வெளிறிப் போனாள்.

"இன்னொரு தடவை சொல்லுங்க."

"என்ன தங்கச்சி, என் வண்டியிலேர்ந்து என்னையே இறக்கிவிட்டுடுவ போலிருக்கே!"

அவர் போனதும் என் கையைப் பிடித்தாள். "அவன்தான்."

"போர் முழுக்க பிரேசில்ல இருந்தேன்னு சொன்னாரே."

"வேற எப்படிச் சொல்வான்?"

உறுதி செய்துகொள்ள மளிகைக்கடைக்காரர், பல் டாக்டர், மாடிவீட்டுக்காரர் என்று ஒவ்வொருவரையும் அந்தச் சொல்லைச் சொல்லவைத்தாள். ஒவ்வொரு முறையும் ஒரு அடி பின்வாங்கினாள். கடைசியில் அவள் கணவர் நஸ்ரி. வெள்ளரிக்காய் நறுக்கியபடியே, "இறங்கு மகாராணி, இறங்கு" என்று விளையாட்டாகச் சொன்னார். ஹெட்போனைக் கழற்றி எறிந்துவிட்டு அறைக்குள் ஓடித் தாழிட்டுக்கொண்டாள்.

"ஹியாம், நான்தாம்மா. கதவைத் திற."

திறக்கவில்லை. அவர் தன் அண்ணன் வீட்டுக்குப் போன பிறகே வெளியே வந்தாள்.

"எல்லா ஆம்பளைங்க குரலும் அந்தக் குரலாத்தான் கேக்குது," என்றாள் என்னிடம். "அப்படின்னா நிஜக் குரல் எனக்கு மறந்துடுச்சு. அப்பாவோட கடைசி நிமிஷத்துலேர்ந்து என்கிட்ட மிஞ்சினது அது ஒண்ணுதான். அதுவும் போச்சுன்னா நான் யாரோட பொண்ணு?"

அதையே படமாக்கினாள். இருட்டுத் திரை. முதலில் அப்பா இறங்கிய வருடமும் அந்தச் சாலையின் பெயரும் எழுத்தில் வரும். ஒருவர் பின் ஒருவராக ஆண்கள் அந்தச் சொல்லைச் சொல்கிறார்கள். "படத்துலேர்ந்து என் குரலை எடுத்துடேன்" என்று வீடு திரும்பிய நஸ்ரி கெஞ்சினார்.

"எடுத்தா படம் பொய்யாயிடும்."

ஆனாலும் திரையிட்ட அன்று அவர் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். பாதியில் முன்வரிசையிலிருந்து யாரோ எழுந்து வெளியே போனது தெரிந்தது. இருட்டில் ஆள் தெரியவில்லை.

மறுவாரம் அவளுடைய வாட்ஸ்அப்புக்கு ஒரு குரல் பதிவு வந்தது. வயதானவர் குரல். "படம் பாத்தேன். அந்த வருஷம் அந்த ரோட்டுல நானும் துப்பாக்கியோட நின்னேன். எங்க வரணும்னு சொல்லும்மா, வந்து பேசுறேன்."

திரும்பத் திரும்பக் கேட்டோம். "இதுவா? நீயே சொல்லேன்" என்று என்னைக் கேட்டாள். நான் பதிவை மறுபடி முதலிலிருந்து ஓடவிட்டேன்.

"போகணும்னா நான் கூட வர்றேன்" என்றார் நஸ்ரி.

அந்த எண்ணை அவள் அழிக்கவும் இல்லை, இன்றுவரை கூப்பிடவும் இல்லை.