மாமி கேட்ட ஓலம்

சனிக்கிழமைகளில் எனக்கு வேண்டியிருந்தது நித்திரை மட்டும்தான். கிழமை முழுக்க சிட்னியில் பரமட்டா பக்கத்து ஆஸ்பத்திரி ஒன்றில் நோயாளிகளைப் புரட்டி, துடைத்து, தூக்கி இருத்திவிட்டு வருகிற ஒருத்திக்கு அது பெரிய ஆசையில்லை. ஆனால் நான் கல்யாணம் செய்திருந்தது ஓர் ஐரிஷ்காரரை. அவர் வீட்டில் சனிக்கிழமை பின்னேரம் என்றால் குடும்பமாகப் பப்புக்குப் போக வேண்டும். காய்ச்சல், களைப்பு, மழை எதையும் அங்கே சாட்டாகச் சொல்ல முடியாது.

லண்டனில் தாதியாகப் படித்தபோது அவரைச் சந்தித்தேன். எழுபதுகளின் நடுவில் சிட்னிக்கு வந்து, நார்த்மீட்டில் அவருடைய தாய் தகப்பன் இருந்த சின்ன வீட்டில் எங்கள் பெட்டிகளையும் இறக்கினோம். அந்த இரண்டு பேரையும் மாமா, மாமி என்றே இங்கே எழுதுகிறேன். வாயால் அப்படிக் கூப்பிட்டதில்லை. மனதுக்குள் வேறு எப்படியும் கூப்பிட்டதுமில்லை. அவர்கள் பேசியது ஆங்கிலம். எனக்கு அது எப்போதும் யாழ்ப்பாணப் பேச்சாகத்தான் ஞாபகம் வருகிறது, ஆகவே அப்படியே விடுகிறேன்.

பப்பின் முன்பக்கம் ஆண்களுக்கு. சுவரெல்லாம் பச்சை ஓடு பதித்து, ரேடியோவில் குதிரைப் பந்தயம் கத்திக்கொண்டிருக்கும். பின்பக்கத்தில் கம்பளம் விரித்த ஒரு சின்ன அறை பெண்களுக்கு. இரண்டுக்கும் நடுவில் குடிவகை நீட்டுவதற்கு ஒரு சிறு யன்னல். பெண்கள் முன்பக்கம் வரக்கூடாது என்று யாரும் எழுதி ஒட்டவில்லை. வந்தால் பேச்சு நின்றுபோகும், அவ்வளவுதான். நானும் மாமியும் அந்த யன்னலுக்குப் பக்கத்துக் கதிரைகளில் இருப்போம். அவர் லெமனேட் கலந்த பியரை மணிக்கணக்காக வைத்துக் குடிப்பார். நான் கண்ணைத் திறந்துகொண்டே தூங்கப் பழகியிருந்தேன்.

கடைசிப் பந்தயம் முடிந்து ரேடியோவை நிறுத்தினால் கதை தொடங்கும். அதற்கென்று அவர்களிடம் ஒரு முறை இருந்தது. ஒவ்வொரு கதைக்கும் ஒரு சொந்தக்காரர். அவருக்கு உயிரும் நாக்கும் இருக்கும்வரை இன்னொருவர் அதைச் சொல்லக்கூடாது, வீட்டுக்குள்ளே கூட. உண்மையா என்று கேட்கக்கூடாது. திருத்தக்கூடாது. கேட்கிறவர்கள் எங்களைப் போல உம் கொட்டிவிட்டு இருப்பதில்லை. சொல்கிறவர் கொஞ்சம் தடுமாறினால் அடுத்த சொல்லை எடுத்துக் கொடுப்பார்கள். எல்லாருக்கும் எல்லாக் கதையும் பாடம். அப்படியிருக்க எதற்குத் திருப்பித் திருப்பிக் கேட்கிறார்கள் என்பது ஆரம்பத்தில் எனக்கு விளங்கவேயில்லை.

மாமாவின் கதைதான் அங்கே பெரிய கதை. அயர்லாந்தின் மேற்குக் கரையில் சில பழைய குடும்பங்களுக்கென்று ஒரு பெண்பேய் உண்டாம். பான்ஷீ என்பார்கள். அந்தக் குடும்பத்தில் சாவு விழுவதற்கு முன்னால் அவள் தலையைச் சீப்பால் வாரியபடி ஓலமிடுவாள். மாமா ஒரு நாள் நடனம் முடிந்து நாற்சந்தியில் வரும்போது அந்த ஓலத்தைக் கேட்கிறார். மதிலில் கொம்பு மாட்டிய ஆடு என்று நினைத்து அவிழ்த்துவிடப் போகிறார். ஆட்டுக்குப் பதிலாக அங்கே ஒரு கிழவி சீப்போடு நின்று, கெட்ட வார்த்தையில் ஏசுகிறாள். இந்த இடத்தில் முன்பக்கம் முழுதும் சிரிக்கும். பிறகு மாமியின் தம்பி கடலுக்குப் போகிறான். வள்ளம் மட்டும் திரும்பி வருகிறது.

"அவன்ரை தொப்பி மட்டும் பலகையில நிமிர்ந்து இருந்துது, பஸ்சுக்கு ரிக்கற் எடுத்த ஆள் மாதிரி," என்பார் மாமா. மறுபடியும் சிரிப்பு. பிறகு கிளாசைத் தூக்கி, குரலை இறக்கி, எப்போதும் போடுகிற முத்திரையைப் போடுவார்: "பொய் ஒரு சொல்லும் இல்லை."

அதற்குப் பரிசாக யாராவது அவருக்கு ஒரு பியர் வாங்கிக் கொடுப்பார்கள். சிரிப்பு யன்னலால் எங்கள் பக்கம் வரும்போது மாமி கிளாசைப் பார்த்துக்கொண்டு இருப்பார். செத்தவன் அவருடைய தம்பி. எனக்கு மாமா மேல் ஆத்திரமாக வரும். ஆனால் அந்த வீட்டில் நான் வந்தேறி, அதுவும் கறுத்த வந்தேறி. வாயை மூடிக்கொண்டு இருந்தேன்.

ஒரு நாள் பின்வளவில் உடுப்புக் காயப்போடும்போது என் கொண்டையிலிருந்து சீப்பு நழுவிப் புல்லில் விழுந்தது. குனிந்து எடுக்கப் போனேன். மாமி என் மணிக்கட்டைப் பிடித்துவிட்டார்.

"தொடாதை, பிள்ளை."

"இது என்ரை சீப்பு."

"தெரியும். எண்டாலும் நிலத்தில கிடக்கிற சீப்பைக் கையால எடுக்கக்கூடாது. அது அவளின்ரையாவும் இருக்கலாம்."

உள்ளே போய், இறைச்சி வாட்டுகிற இடுக்கியைக் கொண்டு வந்து, சீப்பைப் பிடித்துத் தூக்கி, வேலிக் கட்டையில் வைத்தார். பட்டப்பகல். பக்கத்து வீட்டுக்காரர் புல் வெட்டிக்கொண்டிருந்தார். எனக்குச் சிரிப்பு வந்தது. மாமியின் முகத்தைப் பார்த்ததும் அடங்கிவிட்டது. 

குசினியில் உருளைக்கிழங்கு உரித்தபடி, நான் கேளாமலே சொன்னார். "அந்த ஓலத்தைக் கேட்டது நான். என்ரை மனுசன் அந்த வருசம் இங்கிலாந்தில ரோட்டுப் போட்டுக்கொண்டிருந்தவர். எனக்குப் பதினாறு வயசு. கேட்டிட்டு ஒருத்தருக்கும் சொல்லேல்லை. அடுத்த நாள் தம்பி வள்ளத்தைத் தள்ளிக்கொண்டு போனான்."

"பிறகும் சொல்லேல்லையோ?"

"இவருக்குச் சொன்னனான். கலியாணம் பேசேக்க, ஒருக்கா. இவருக்கு மட்டுந்தான்."

"அந்தச் சத்தம் எப்பிடி இருந்தது?"

மாமி கத்தியை வைத்துவிட்டு யோசித்தார். "இப்ப அது அவரின்ரை கதை, பிள்ளை. அவர் சொல்லிக்கொண்டிருக்கும் மட்டும் நான் சொல்லக்கூடாது. ஒரு நாளைக்கு என்ரை முறை வரும். அப்ப நடந்த மாதிரியே சொல்லுவன், ஆடு இல்லாமல், தொப்பி இல்லாமல். அவனுக்கு நான் அதையெண்டாலும் செய்ய வேணும்."

அந்த முறைக்காகத்தான் அவர் காத்துக்கொண்டு இருந்தார் என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. சனிக்கிழமைதோறும் அந்த யன்னலடியில் இருந்ததற்கும் காரணம் அதுதான்.

அன்றிரவு மாமி சொன்னதைக் கணவரிடம் சொல்லிச் சண்டை பிடித்தேன். தாயின் துக்கத்தைத் தகப்பன் களவெடுத்துப் பியருக்கு விற்கிறார் என்றேன். அவர் அவசரப்படவில்லை.

"அப்பா களவெடுக்கேல்லை. ஓலத்தைக் கேட்டிட்டும் ஒருத்தருக்கும் சொல்லாமல் விட்டது அம்மா. அந்தப் பழியைத் தன்ரை தலையில போட்டார். இப்ப கேட்டிட்டுச் சொல்லாமல் விட்டது அவர். ஊருக்கு அப்பிடித்தான் தெரியும்."

"இரக்கம் எண்டால் இத்தனை வருசமா ஓசிப் பியர் குடிப்பாரோ?"

"குடிப்பார்," என்றார் கணவர். அவருக்குத் தன் தகப்பனைத் தெரியும். இரண்டில் எது சரி என்று யோசிக்க எனக்குத் தெம்பில்லை. அடுத்த நாள் காலை வேலை. சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தேன்.

அடுத்த குளிர்காலத்தில் மாமாவுக்குப் பாரிசவாதம் அடித்தது. வலக்கை, வலக்கால் இரண்டும் போயின. பேச்சும் போயிற்று. எழுத்தும் வரவில்லை, இடக்கையில் பென்சிலைக் கொடுத்தால் கோடு கோடாகக் கீறினார். இப்படிப்பட்டவர்களுக்குச் சில வேளை நாக்கில் பழகிய ஒரே ஒரு வசனம் மட்டும் மிஞ்சும், அதை எங்கள் வார்டில் நான் கண்டிருக்கிறேன். ஒருவருக்குச் செபம் மிஞ்சும், ஒருவருக்குக் கெட்ட வார்த்தை. மாமாவுக்கு மிஞ்சியது அந்த முத்திரைதான். தண்ணீர் வேண்டும் என்றாலும், குளிருகிறது என்றாலும், என்னை யார் என்று அடையாளம் கண்டாலும், "பொய் ஒரு சொல்லும் இல்லை."

ஆஸ்பத்திரியில் செய்த வேலையையே வீட்டுக்கு வந்தும் செய்தேன். புரட்டினேன், துடைத்தேன், தூக்கி இருத்தினேன். ஆத்திரப்படக்கூட நேரமில்லாமல் போய்விட்டது. அந்த மனுசன் என் தோளில் தலையைச் சாய்த்துக்கொண்டு தன் ஒரே வசனத்தைச் சொல்லும்போது எனக்கு அழுகை வரும். யாருக்காக என்று தெரியாது.

கொஞ்சம் நடக்கத் தொடங்கியதும் பப்புக்காரர்கள் ஆள் அனுப்பினார்கள். கதையைக் கைமாற்ற வேண்டும். அதற்கும் ஒரு முறை உண்டு. சொந்தக்காரர் தன் கிளாசை அடுத்தவர் முன்னால் தள்ளிவைப்பார். அடுத்தவர் ஒரு மிடறு குடித்துவிட்டுக் கதையைச் சொல்வார். அன்றிலிருந்து அது அவருடைய கதை. மகனுக்குத்தான் போகும் என்று எல்லாரும் நினைத்தார்கள், என் கணவர் உட்பட.

அந்தச் சனிக்கிழமை மாமி தலையை நேர்த்தியாக வாரி, மாதா கோயிலுக்குப் போடுகிற நீலச் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்தார். லெமனேட் கலந்த பியரைத் தொடவில்லை. கடைசிப் பந்தயம் முடிந்தது. ரேடியோவை நிறுத்தினார்கள். மாமா இடக்கையால் கிளாசைப் பிடித்தார். அப்போது மாமி எழும்பி, யன்னலுக்குள் தலையை விட்டார்.

"அதை இஞ்சால தள்ளுங்கோ."

முன்பக்கத்தில் ஒருவர் இருமினார். என் கணவர் தகப்பனைப் பார்த்தார். மாமா மாமியைப் பார்த்தார். பிறகு அந்தக் கிளாசை மேசை நீளத்துக்கு மெதுவாகத் தள்ளினார். கை எட்டாத இடத்திலிருந்து, பியர் ஊற்றுகிற பார்மன் எடுத்து யன்னலில் வைத்தார்.

மாமி ஒரு மிடறு குடித்தார். எனக்கு நித்திரை எல்லாம் பறந்துவிட்டது.

"எனக்குப் பதினாறு வயசு," என்று தொடங்கினார். "பின்னேரம். வேலியில காயப்போட்ட உடுப்பை எடுத்துக்கொண்டிருந்தன். காற்று இல்லை." நிறுத்தினார். அடுத்தது என்னவென்று தேடுவது முகத்தில் தெரிந்தது. முன்பக்கம் பொறுத்திருந்தது. அவர்கள் கெட்டவர்கள் இல்லை. தடுமாறுகிறவருக்குக் கைகொடுப்பதுதான் அவர்களுடைய மரியாதை.

"ஒரு சத்தம் கேட்டுது," என்று எடுத்துக் கொடுத்தார் ஒரு கிழவர்.

"ஓம். ஒரு சத்தம்."

"ஆடு மாதிரி," என்றார் இன்னொருவர், மிகவும் அன்பாக.

"ஆடு மாதிரி," என்றார் மாமி.

அந்தச் சொல் வந்ததும் மிச்சமெல்லாம் தானாக வந்தது. மதில், கொம்பு, கிழவியின் ஏச்சு. மாமாவின் வசனங்கள், மாமா மூச்சு விடுகிற இடத்திலேயே மூச்சு. மாமி யன்னல் விளிம்பை இறுக்கிப் பிடித்திருந்தார். நிறுத்த நினைக்கிறார், முடியவில்லை என்று எனக்குத் தெரிந்தது. எழும்பி அவரை இழுத்துக்கொண்டு போய்விட வேண்டும் போலிருந்தது. வள்ளம் வந்தது. தொப்பி பலகையில் நிமிர்ந்து இருந்தது, பஸ்சுக்கு ரிக்கற் எடுத்த ஆள் மாதிரி. முன்பக்கம் சிரித்து, கைதட்டி, மேசையைத் தட்டியது.

"அச்சொட்டா அவர் சொன்ன மாதிரியே," என்று யாரோ சொன்னார்கள். யன்னலால் மாமிக்கு ஒரு முழுக் கிளாஸ் பியர் வந்தது. அவர்கள் கொடுக்கக்கூடிய ஆகப் பெரிய மரியாதை அது. மாமி நன்றி சொல்லி வாங்கி, என் முன்னால் வைத்தார்.

வீட்டுக்கு வந்து, மாமாவைக் குசினிக் கதிரையில் இருத்தினோம். கணவர் காரைப் பூட்டப் போனார். நான் தேத்தண்ணிக்குக் கேத்தலை வைத்தேன். மாமி சட்டையை மாற்றாமலே நிலத்தில் முழங்காலில் இருந்து, மாமாவின் சப்பாத்தை அவிழ்க்கத் தொடங்கினார்.

"என்ரை காதில இப்ப உங்கடை ஆடுதான் கத்துது," என்றார். குரலில் கோபமில்லை, களைப்புத்தான். "நான் என்னத்தைக் கேட்டனான் எண்டு எனக்கே மறந்து போச்சு. அந்தச் சத்தம் எப்பிடியெண்டு நான் வேறை ஒருத்தருக்கும் சொல்லேல்லை. உங்களுக்கு ஒருக்காச் சொன்னனான், அந்தப் பாலத்தடியில. உங்களுக்கு மட்டுந்தான் தெரியும்." நிமிர்ந்து பார்த்தார். "அண்டைக்கு நான் உங்களுக்கு எப்பிடிச் சொன்னனான்?"

மாமாவுக்குக் கேள்வி விளங்கியது. அது அவருக்கு ஞாபகமும் இருந்தது, கண்ணில் தெரிந்தது. அவர் வாயைத் திறந்தார். கழுத்து நரம்பு புடைக்க, இடக்கை காற்றில் எதையோ பிடிக்க, நெற்றி வியர்க்க, உள்ளே கிடந்ததை வெளியே தள்ளப் பார்த்தார். கேத்தல் கொதிக்கத் தொடங்கியது. நான் அடுப்பை நிறுத்தினேன், அவர் சொல்வது கேட்கட்டும் என்று.

"பொய்," என்றார். "பொய் ஒரு சொல்லும் இல்லை."

மறுபடியும் சொன்னார், அழுதபடி. மறுபடியும். மாமி அவருடைய முழங்காலைத் தட்டிக்கொடுத்தார். "தெரியும்," என்றார். "தெரியும், தெரியும்." பிறகு குனிந்து, மற்றச் சப்பாத்தின் கயிற்றை அவிழ்த்தார்.