அத்தை வரைந்த என் படம்

எனக்குத் தங்கை பிறக்கப்போகிறாள் என்று வீட்டில் சொன்ன அன்று, ஸ்கெட்ச் பேனாவால் நான் ஒரு படம் வரைந்தேன். அப்பா, அம்மா, நான், நடுவில் குட்டியாக அவள். எனக்கு அப்போது ஆறு வயது. தங்கை வரவில்லை. ஆஸ்பத்திரியிலிருந்து வெறுங்கையோடு திரும்பிய அம்மா, அந்தப் படத்தைக் கட்டிலருகே சுவரில் ஒட்டிக்கொண்டாள். பிறகு உடம்பு தேற, திருநெல்வேலிக்குத் தன் அம்மா வீட்டுக்குப் போனாள்.

நாங்கள் குடியிருந்த ஆகுர்டியில் மழை விடாமல் பெய்த நாட்கள் அவை. வேடிக்கை பார்க்க நான் திறந்த ஜன்னலை மூட மறந்து பள்ளிக்கூடம் போய்விட்டேன். திரும்பி வந்தபோது நாங்கள் நால்வரும் நீலமும் சிவப்புமாகக் கரைந்து, சுவரில் வழிந்துகொண்டிருந்தோம்.

அப்பாவின் தங்கை எங்களோடு தங்கி ஓவியக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். பெரிய ஓவியர்களின் படங்களை அச்சு அசலாக வரைவதுதான் அவள் வேலை. "சொந்தமா ஒண்ணு வரையேன், பாப்போம்" என்று அப்பா கேலி செய்வார். "அவங்க கை எங்க நின்னுச்சு, எங்க ஓடுச்சுன்னு பாக்கேண்ணே" என்பாள்.

அழுதுகொண்டிருந்த என்னிடம், அதே படத்தை மறுபடி வரையச் சொன்னாள். வரைந்தேன். ஆனால் அதற்குள் எனக்கு மூக்கும் இமையும் போட வந்துவிட்டது. நால்வரும் யாரோ போலிருந்தார்கள்.

அப்புறம் அத்தையே உட்கார்ந்தாள். உட்காரவில்லை, என்னைப் போலவே தரையில் குப்புறப் படுத்துக்கொண்டாள். என் பழைய நோட்டுகளையெல்லாம் பரப்பி, நான் பேனாவை ஊன்றி மை ஊறிய புள்ளிகளைத் தேடினாள். பேனாவைக் கைக்குள் மூடிப் பிடித்து வட்டம் போட்டுப் பழகினாள். மழை வெளிச்சம் அறைக்குள் தண்ணீர் மாதிரி அசைந்தது. பக்கத்தில் படுத்தபடி, நான் வரைவதை நானே பார்த்துக்கொண்டிருந்தேன். எத்தனையோ தாள்கள் கசங்கின. கடைசியில் ஒன்று வந்தது.

"தங்கச்சிக்கு வாய் வைக்கலையே அத்தை?"

"நீ அன்னைக்கு வைக்கலல்லா. நான் எப்படி வைக்க?"

நானே வைக்கிறேன் என்று பேனாவை எடுத்தேன். கையைத் தட்டிவிட்டாள். அவள் என்னை அடித்தது அந்த ஒருமுறைதான்.

அம்மா வந்ததும் நேராகச் சுவரிடம் போனாள். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன். வெகுநேரம் பார்த்தாள். குட்டி உருவத்தின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டாள். "நல்லா வரைஞ்சிருக்கே" என்று என் தலையைத் தடவினாள். தப்பித்தேன்.

சாயங்காலம் அடுக்களையில் அம்மா அத்தையின் விரல்களைப் பிடித்துக்கொண்டு நிற்பதை வாசலிலிருந்து பார்த்தேன். அந்த விரல்களில் நீலக் கறை இருந்தது.

"எத்தன நாளாச்சு?"

"ஒம்பது நாள் மதினி."

அம்மா அவளை இறுக்கக் கட்டிக்கொண்டு அழுதாள்.

அம்மா ஊரில் இருந்ததோ முழுதாக இருபது நாள். காலேஜில் படிக்கிறவளுக்கு இதைக்கூட எண்ணத் தெரியவில்லையே என்று நினைத்துக்கொண்டு, நான் விளையாடப் போய்விட்டேன்.