ஆடிட் நாளன்று கொடிவேரிக்கு

திருப்பூரில் பெருமாநல்லூர் சாலையில் இருந்த அந்த பனியன் கம்பெனியின் ஆஸ்டலில் விஜயராணியை எல்லோரும் வார்டன் அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். வார்டன் என்றதும் பெரிய உத்தியோகம் என்று நினைத்துவிட வேண்டாம். ஓவர்லாக் மிஷினில் உட்கார்ந்து உட்கார்ந்து முதுகு தேய்ந்துபோனவளை, இனிமேல் தைக்க லாயக்கில்லை என்று ஆன பிறகு, பிள்ளைகளை மேய்க்க வைத்தார்கள். அவ்வளவுதான்.

விளாத்திகுளம் பக்கத்துக் கிராமத்திலிருந்து புருஷனோடு பிழைக்க வந்தவள். அவன் ஒரு சாயப்பட்டறையில் கழிவுத் தொட்டியைக் கழுவ இறங்கினான், ஏறி வரவில்லை. மாரடைப்பு என்றார்கள். தொட்டிக்குள் இறங்குகிறவனுக்கு மட்டும் தொட்டிக்குள்ளேயே மாரடைப்பு வருகிற அதிசயத்தை எந்த டாக்டரும் இதுவரை விளக்கவில்லை. அவளுக்கு மிஞ்சியது மகள் ஜோதிகாவும், ஆஸ்டல் மாடிப்படிக்குக் கீழே ஓர் அறையும், பயமும்தான். போன் அடித்தால் பயம். அடிக்காவிட்டாலும் பயம். மேனேஜர் தங்கராஜ் சிரித்துக்கொண்டு வந்தால் இரட்டைப் பயம்.

2007 ஐப்பசியில் ஒரு சாயங்காலம் அவர் சிரித்துக்கொண்டுதான் வந்தார்.

"அக்கா, நாளைக்குப் புள்ளைங்களுக்கு டூருங்க. அவிநாசிக் கோயிலு, விஜயமங்கலத்துச் சமணக் கோயிலு, சர்ச்சு, தர்கா, எல்லாச் சாமியையும் பாத்துப்போட்டு கொடிவேரி அணையில தண்ணி வாத்துக் குளிச்சுட்டு வாங்க. கைடுகூட ஏற்பாடு பண்ணியாச்சு. நான் போன் போட்டாத்தான் வண்டி திரும்போணும்."

"சரிங்க சார்."

"ஆஸ்டல் உங்க பேர்லதான் இருக்குதுங்க. ஒரு புள்ளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா கேஸு உங்க மேலதானுங்க வரும். கம்பெனிக்கு என்னங்க தெரியும்?" சிரிப்பு மாறவே இல்லை. "ஜோதிகாவைப் பத்திக் கவலைப்படாதீங்க. பள்ளிக்கூடம் விட்டு வந்தா ஆபீஸ்லயே உட்கார வெச்சுக்கறோமுங்க."

டூர் என்றால் என்னவென்று விஜயராணிக்குத் தெரியும். நம் பனியனை வாங்கி விற்கிற சீமைக்காரர்களுக்கு மனசாட்சி வருஷத்துக்கு ஒரு நாள் கண் விழிக்கும். அன்றைக்கு ஆடிட் என்று ஆள் அனுப்புவார்கள். கக்கூஸ் சுத்தமா, தீயணைக்கிற சிலிண்டர் இருக்கிறதா, குழந்தைகள் வேலை செய்கிறார்களா என்று பார்ப்பார்கள். குழந்தைகள் எப்படி இருப்பார்கள்? முகத்தில் பால் வடிகிற பிள்ளைகளையெல்லாம் விடியும் முன்னே பஸ்ஸில் ஏற்றி ஊர் சுற்றிப் பார்க்க அனுப்பிவிடுவார்களே. எங்கேயாவது அதிகாரி மடக்கிக் கேட்டுவிட்டால் என்ன செய்வது? அதற்கும் பாடம் நடந்திருந்தது. பேர் கேட்டால் பேர் சொல்ல வேண்டும். வயசு கேட்டால் பதினெட்டு. சாப்பாட்டுக்கு முன்னால் தினமும் இந்தப் பாடத்தை நடத்துகிற டீச்சர் விஜயராணிதான்.

கைடு கன்னையன் கோபிக்காரர். வெள்ளைச் சட்டை, கையில் மைக், வாய் நிறைய சந்தோஷம். "எந்தக் கம்பெனியில இப்படிக் கூட்டிட்டுப் போறாங்க, சொல்லுங்க பாக்கலாம்?" என்று ஏறினதுமே கேட்டார்.

அவிநாசிக் குளத்தங்கரையில் பிள்ளைகளை நிறுத்திக் கதை சொன்னார். "இங்கதானுங்க கண்ணுகளா, ஒரு முதலை அஞ்சு வயசுப் பையனை முழுங்கிப்போடுச்சு. சில வருசம் கழிச்சு ஒரு நாயனாரு வந்து பாடுனாருங்க. முதலை கரைக்கு வந்து பையனைத் துப்பிட்டுப் போயிருச்சு. இதுல விசேசம் என்னன்னா, முழுங்குன அன்னைக்கு இருந்த மாதிரி இல்லீங்க. அத்தனை வருசத்துக்கும் சேத்து வளந்த பையனா வந்தான்!"

"அப்ப அது எங்க கம்பெனி மாதிரில்ல இருக்கு," என்றது ஒரு குரல். "உள்ள போறப்ப பதிமூணு. போன மறுநிமிசம் பதினெட்டு."

முனீஸ்தான். முனீஸ்வரி. சாத்தூர்ப் பக்கத்துப் பிள்ளை. தோள் எலும்பு துருத்திக்கொண்டு, பாவாடைக்குள் காற்று போய்வருகிற உடம்பு. எல்லாப் பிள்ளைகளும் கொல்லென்று சிரித்தார்கள். கன்னையனும் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு விஜயராணியைப் பார்த்தார். விஜயராணி கோபுரத்தைப் பார்த்தாள்.

"ஏ பிள்ள, வாயத் தச்சிருவேன்," என்று முனீஸின் தொடையில் கிள்ளினாள்.

"தைங்கக்கா. ஆனா டபுள் தையல் போடாதீக, சோறு திங்கணும்."

முதலை விழுங்கிய ஒரே ஒரு பிள்ளைக்காகக் கதை கட்டிப் பரம்பரை பரம்பரையாகச் சொல்லி வருகிற ஊர்தான் இது. மிஷின் விழுங்கின பிள்ளைகளைத் திருப்பிக் கேட்டு ஒரு சாமியும் வாய் திறந்ததில்லை. ஒரு பக்தனும் பாடினதில்லை.

விஜயமங்கலத்தில், துணியில்லாமல் அமர்ந்திருந்த தீர்த்தங்கரர் சிலையைப் பார்த்துப் பிள்ளைகள் தாவணியால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். "பாவம், இவருக்கு ஒரு பனியன் குடுத்திருக்கலாம்," என்றாள் முனீஸ்.

"போட்டுக்க மாட்டாருங்க அம்மணி. எதுவும் வேண்டாம்னு எறிஞ்சுபோட்டுப் போனவரு," என்றார் கன்னையன்.

"எக்ஸ்போர்ட்ல கழிச்சுப்போட்ட ரிஜெக்டுகூட வேண்டாம்பாரா?"

அப்புறம் ஒரு பழைய சர்ச், ஒரு தர்கா. நான்கு இடத்திலும் விஜயராணி கும்பிட்டாள். எந்தச் சாமி அவசரத்துக்கு உதவும் என்று தெரியாதவள், எல்லோரிடமும் ஒரே மனுவைப் போட்டாள். கூட்டி வந்த பிள்ளைகளை அப்படியே கூட்டிக்கொண்டு போய்ச் சேர்க்க வேண்டும். வேறொன்றும் அவள் கேட்கவில்லை.

கொடிவேரிக்கு வந்து சேர்ந்தபோது வெயில் சாய ஆரம்பித்திருந்தது. மேலே மழை பெய்திருந்ததால் பவானி நிறைந்து வந்தது. தடுப்பணையின் விளிம்பெல்லாம் வெள்ளையாய்த் தண்ணீர் குதித்தது. இந்தப் பிள்ளைகள் திருப்பூரில் பார்த்த ஆறு நொய்யல் ஒன்றுதான். அன்றைக்குப் பட்டறையில் என்ன சாயமோ அந்த நிறத்தில் அது போகும். இங்கே தண்ணீருக்குத் தண்ணீரின் நிறமே இருந்தது. பஸ் நிற்பதற்குள் குதித்து ஓடினார்கள்.

"கம்பியத் தாண்டி அங்கிட்டுப் போகாதீக! ஏ, கையப் பிடிச்சுக்கிட்டு நில்லுங்க!" விஜயராணியின் கத்தல் இரைச்சலில் கரைந்தது. தண்ணீர் என்றாலும் அவளுக்குப் பயம். கரையில் நின்று, மடித்து அடுக்கின பனியனை எண்ணுவதுபோல் தலைகளை எண்ணிக்கொண்டே இருந்தாள்.

அப்போதுதான் போன் அடித்தது. தங்கராஜ். இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை. முதுகைத் திருப்பிக்கொண்டு, ஒரு காதைப் பொத்திக்கொண்டு, நாலெட்டுத் தள்ளிப் போனாள்.

"இன்னும் போகலீங்கக்கா ஆடிட்டுக்காரங்க. ஒண்ணொண்ணா நோண்டறாங்க. பொழுதுக்கும் அங்கயே இருங்க."

"சரிங்க சார்."

திரும்பி வந்து எண்ணினாள். ஒன்று குறைந்தது. மறுபடி எண்ணினாள். குறைந்தது.

"முனீஸ எங்கடி?"

பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். "இங்கனதான் நின்னா... பாறை வழுக்குதுன்னு சொன்னா..." என்று ஒருத்தி அழ ஆரம்பித்தாள்.

கன்னையன் மைக்கில் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். மீன் பொரிக்கிற கடைக்காரர்கள் ஓடி வந்தார்கள். காவலுக்கு நின்ற போலீஸ்காரரும் விசிலை ஊதிக்கொண்டு வந்தார். அணைக்குக் கீழே ஒரே ஒரு பரிசல் கட்டியிருந்தது. பரிசல்காரர் துடுப்போடு இறங்கினார்.

விஜயராணி போனில் தங்கராஜைக் கூப்பிட்டாள். சொன்னாள்.

"சரி, அழுகாதீங்க," என்றார் தங்கராஜ், மெதுவாக, மரியாதையாக. "அந்தப் புள்ளை யாரோ ஒரு பையனோட ஓடிப்போயிருச்சுன்னு வெச்சுக்கலாமுங்க. மீதிப் புள்ளைங்களக் கூட்டிட்டு அங்கிருந்து கெளம்பீருங்க. போலீஸ்ல வயசு கேப்பாங்க. வாயைத் தொறந்துபோடாதீங்க. ஜோதிகா எங்கிட்டத்தானுங்க இருக்குது. பிஸ்கெட் குடுத்திருக்கறேன். சமத்தா உட்கார்ந்திருக்குது."

போன் காதோடு ஒட்டிக்கொண்டதுபோல் இருந்தது. பிஸ்கெட் என்ற சொல்லில் இத்தனை பயங்கரம் இருக்கும் என்று அவள் அறிந்ததில்லை.

கீழேயிருந்து பரிசல்காரர் கத்தினார். "ஏனுங்க, புள்ளைக்கு என்ன வயசுங்க?"

"பதினெட்டு!"

அத்தனை பிள்ளைகளும் ஒரே குரலில் சொன்னார்கள். அழுதுகொண்டிருந்தவள்கூட அழுகையை நிறுத்திவிட்டுச் சொன்னாள். யாரும் யோசிக்கவில்லை. கேள்வி காதில் விழுந்தது. பதில் தானாக வந்தது.

"பெரிய புள்ளையா? அப்ப இந்தப் பாறைக் குழிக்குள்ளதான் எறங்கியிருக்கும்," என்று பரிசல்காரர் பரிசலை அணையை ஒட்டித் திருப்பினார். "சின்னப் புள்ளையா இருந்திருந்தா ஓட்டம் மேலாலயே தூக்கிட்டுப் போயி, அந்த வளைவுல நாணலுக்குள்ள தள்ளியிருக்குமுங்க."

பரிசல் குழிப் பக்கம் போக ஆரம்பித்தது. வளைவு எதிர்த் திசையில் தூரத்தில் இருந்தது.

விஜயராணி அதைப் பார்த்தாள். தான் கற்றுக்கொடுத்த பாடம் பரிசலைத் தள்ளிக்கொண்டு போவதைப் பார்த்தாள். போனில் தங்கராஜ் "அக்கா, அக்கா" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார். பக்கத்தில் போலீஸ்காரர் நின்றார். கண் முன்னால் ஆபீஸ் நாற்காலியில் ஜோதிகாவின் கால்கள் தரையை எட்டாமல் தொங்கின.

"இல்ல!" என்று அலறினாள். "பதிமூணு! பதிமூணு வயசுதான்ய்யா! எலும்புக்கூடு மாதிரி இருப்பா, கனமே கிடையாது! வளைவுக்குப் போங்க, வளைவுக்குப் போங்க!"

அந்தப் பக்கம் போன் அணைந்தது.

பரிசல் சுற்றித் திரும்பி, ஓட்டத்தில் விழுந்து, வளைவை நோக்கிப் பறந்தது. கரையோடு எல்லோரும் ஓடினார்கள். நாணல் புதருக்குள் ஒரு நீலத் துணி தெரிந்தது. பரிசல்காரர் குப்புறச் சாய்ந்து கையை விட்டு இழுத்தார். வெகுநேரம் இழுப்பதுபோல் இருந்தது. முனீஸின் தலை வெளியே வந்தது. நாணலைப் பற்றியிருந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரிக்க வேண்டியிருந்தது. கரையில் கவிழ்த்துப் போட்டு முதுகில் தட்டியபோது, தண்ணீரும் மண்ணுமாகக் கக்கினாள். அப்புறம் இருமினாள். அந்த இருமல் சத்தம் கேட்டு விஜயராணி மண்ணில் உட்கார்ந்துவிட்டாள்.

போலீஸ்காரர் குனிந்தார். "பதிமூணுன்னு சொன்னீங்களேம்மா. இதுக எல்லாம் எந்தப் பள்ளிக்கூடம்?"

"கோபி ஆஸ்பத்திரிக்கு மொதல்ல போலாமுங்க," என்று கன்னையன் குறுக்கே வந்தார். போலீஸ்காரர் பஸ் நம்பரைக் குறித்துக்கொண்டு வழிவிட்டார். வண்டியில் வைத்து விஜயராணியிடம் கேட்டார்: "இந்த டூரு... புள்ளைங்கள மறைக்கறதுக்குத்தானுங்களா?" அவள் தலையை ஆட்டினாள், ஜோதிகா ஆபீஸில் இருப்பதையும் சொன்னாள். அவர் மைக்கின் ஒயரைப் பிடுங்கிச் சுருட்டிப் பைக்குள் திணித்தார். அன்றைக்கு அதற்கப்புறம் அவர் எந்த இடத்தையும் காட்டவில்லை.

அரசு ஆஸ்பத்திரியில் முனீஸைப் படுக்க வைத்தார்கள். மூச்சு சீராக இருக்கிறது, இரவு இருக்கட்டும் என்றார் டாக்டர். கன்னையன் வார்டு வாசலில் உட்கார்ந்துகொண்டார். "நீங்க உங்க புள்ளையப் போயிப் பாருங்க. நான் இங்கிருந்து நகர மாட்டனுங்க."

டிரைவர் சுப்பையன் சாவியைத் திருகாமல் தயங்கினார். "போன் வந்தாத்தானுங்க திரும்போணும்னு சொன்னாங்க."

"வராது. நீங்க ஓட்டுங்க," என்றாள் விஜயராணி.

"ஆடிட்டுக்காரங்க இருந்தா?"

"இருக்கணும்னுதான் வேண்டிக்கிறேன். அவுக இருக்கிற வரைக்கும்தான் எம் பிள்ளைய ஒண்ணும் செய்ய முடியாது. ஓட்டுங்க அண்ணே."

வழி நெடுக எதிரே வந்த வெளியூர்க் கார் எதையும் விஜயராணி விடவில்லை. ஆடிட்டுக்காரர்கள் கிளம்பிவிட்டார்களோ, இதுதான் அந்தக் காரோ என்று ஒவ்வொன்றையும் கண் இடுங்கப் பார்த்தாள். பெருமாநல்லூர் நெருங்க நெருங்க வியர்வையில் ரவிக்கை முதுகோடு ஒட்டியது.

கேட்டில் வாட்ச்மேன் கையைக் குறுக்கே நீட்டினார். "இன்னும் போன் வரலீங்களே, ஏனுங்க வந்துட்டீங்க?"

உள்ளே இரண்டு வெள்ளைக் கார்கள் நின்றன. சுப்பையன் ஹாரனில் வைத்த கையை எடுக்கவே இல்லை. அந்தச் சத்தத்துக்கு, படியில் நின்றிருந்த கண்ணாடி போட்ட அம்மாள் திரும்பிப் பார்த்தார். கழுத்தில் ஆடிட்டர் அடையாள அட்டை, கையில் பேனா. பக்கத்தில் தங்கராஜ். அந்த அம்மாள் பார்த்துவிட்டதால் வாட்ச்மேன் கதவைத் திறந்துவிட வேண்டியதாயிற்று.

பிள்ளைகள் ஒவ்வொருத்தியாக இறங்கினார்கள். ஈரப் பாவாடை, வெறும் கால், சிவந்த கண்.

"இவங்கல்லாம் யாரு?" என்று அந்த அம்மாள் தமிழிலேயே கேட்டார்.

"ஸ்கூல் புள்ளைங்க மேடம்," என்றார் தங்கராஜ், கண்ணிமைக்காமல். "டூர் வந்திருக்காங்க. கம்பெனி பாக்கோணும்னு ஆசைப்பட்டாங்க."

அவர் பார்வை விஜயராணியின் மேல் விழுந்தது. சிரிப்பு இருந்தது. அந்தச் சிரிப்புக்குப் பின்னால், கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம், ஜோதிகா பள்ளிப் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

விஜயராணி யாரையும் பார்க்காமல் படியேறினாள். கதவைத் தள்ளி, மகளின் கையைப் பிடித்து வெளியே கூட்டிவந்து, தன் இடுப்போடு சேர்த்து நிறுத்திக்கொண்டாள். அதற்குப் பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"பள்ளிக்கூடம் இல்லம்மா. இதுக எல்லாம் இங்க வேல பாக்குற பிள்ளைக. ஒருத்தி கோபி ஆஸ்பத்திரியில கெடக்கா."

தன் குரல் தனக்கே அந்நியமாகக் கேட்டது. அந்த அம்மாளின் பேனா அசையாமல் நின்றது. தங்கராஜ் சிரிப்பதை நிறுத்தினார். பின்னால் வாட்ச்மேன் கேட்டை இழுத்துச் சாத்தும் சத்தம் கேட்டது. விஜயராணி திரும்பிப் பார்க்கவில்லை. ஜோதிகா "வலிக்குதும்மா" என்று முனகும் வரை அந்தக் கையை அத்தனை இறுக்கமாகப் பிடித்திருப்பது அவளுக்குத் தெரியவில்லை.