அண்ணன் பெயரைப் போடாத படங்கள்

அண்ணன் போய் ஓராண்டு ஆகிறது. நினைவு மலருக்கு நல்லதாக நாலு வார்த்தை எழுதச் சொன்னார்கள். எனக்கு வருவதைத்தான் எழுத முடியும்.

அண்ணன் சங்கரன்கோவிலில் விசைத்தறிக் குடும்பத்தில் மூத்தவராகப் பிறந்தார். தறிச் சத்தத்துக்கு நடுவே வளர்ந்தவர்களுக்குச் சுருக்கமாகப் பேச வரும். அதை வைத்துத்தான் சென்னைக்கு வசனம் எழுதப் போனார். பேய்ப் படம், சாமிப் படம், போலீஸ் படம், சிரிப்புப் படம், எது கேட்டாலும் எழுதிக் கொடுத்தார். அந்தத் திறமையே வினையாயிற்று. “பேய்ப் படம் எழுதுனவர் பேரை சாமிப் படத்துல போட்டா எவன் சார் வருவான்?” என்றார் ஒரு தயாரிப்பாளர். பேய்ப் படம் எடுத்தவர் அதையே திருப்பிச் சொன்னார். எழுதத் தெரியாத இயக்குநர்கள் தங்கள் பெயரைப் போட்டுக்கொண்டார்கள்.

சிறுநீரகம் கெட்டு ஊருக்குத் திரும்பிய பிறகும் ஓர் இயக்குநர் அண்ணனை விடவில்லை. கட்டிலருகே உட்கார்ந்து ஒரு முழுப் படத்துக்கு வசனம் வாங்கினார். இந்த முறை பெயர் நிச்சயம் என்றார். படம் வந்த அன்று அண்ணனை ஆட்டோவில் தியேட்டருக்குக் கூட்டிப் போனோம். பெயர்கள் ஓடி முடிந்தன. அண்ணன் பெயர் இல்லை.

“எந்திரிண்ணே, வீட்டுக்குப் போவோம்” என்றேன்.

“இருலே. அந்தப் பய கெடுக்காம எடுத்திருக்கானான்னு பாக்கணும்.”

இடைவேளையில் நம் சொந்தக்காரர் ஒருவர் கேட்டார். யாரென்று எழுதவில்லை, இந்த மலர் அவர் கையிலும் இருக்கும். “இதுல நீரு என்னதான் வே எழுதினீரு?”

“நீரு சிரிச்சதெல்லாம் நான் எழுதினது வே. கொட்டாவி விட்டதெல்லாம் அவன் எழுதினது.”

வீட்டுக்கு வந்ததும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார். அதன்பின் ஒரு வரி எழுதவில்லை. அடுத்த மாதம் போய்விட்டார்.

பதினாறாம் நாள் அந்த இயக்குநர் ஆளுயர மாலையோடு வந்தார். அண்ணன் படத்துக்கு முன் விழுந்து அழுதார். எழுந்து, கூட வந்த கேமராக்காரரிடம் “சரியா வந்துச்சா?” என்றார். பிறகு மதினியிடம், மிச்சக் கதை ஏதும் இருக்கிறதா என்று கேட்டார்.

“இருக்கு. மொதல்ல அவுக பேரைப் போட்டுட்டு வாங்க. பெறவு தாரேன்.”

மதினி அப்படிச் சொன்ன பிறகு அந்த ஆள் வரவே இல்லை. இந்த மலருக்கு இரங்கல் உரையும் தன் போட்டோவும் அனுப்பியிருந்தார். இரண்டையும் குப்பையில் போட்டேன்.

அண்ணனை டயாலிசிஸுக்கு ஏற்றி இறக்கிய ஆட்டோக்கார அண்ணாச்சிக்கும், பொறுமையாகப் பார்த்துக்கொண்ட செவிலியருக்கும், முகம் சுளிக்காமல் கழுவித் துடைத்த மதினிக்கும் எங்கள் நன்றி. வேறு யாருக்கும் சொல்ல எனக்கு மனமில்லை.

மலரின் அட்டையில் அண்ணன் பெயரையும் போட்டோவையும் பார்த்துவிட்டு அச்சகக்காரர் கேட்டார்: “போட்டோவுக்கு எடம் பத்தலையே அண்ணாச்சி. பேரைக் கொஞ்சம் சின்னதாக்குவமா?”

“போட்டோவைச் சின்னதாக்கும்” என்றேன்.