இறைச்சி தின்னும் சிப்பி

வருஷா வருஷம் போகி வந்தால் இந்தப் பக்கத்தில் நான் எதைத் திட்டுவேன் என்று உங்களுக்குத் தெரியும். போகி மேளம்! விடிவதற்கு முன்பே ராயபுரத்துப் பொடிசுகள் என் ஜன்னலடியில் வந்து கொட்டும் கொட்டு இருக்கிறதே... இந்த வருஷமும் திட்டினேன். போதாக்குறைக்கு, அன்று காலை கடலுக்கே ஓடிவிடுவது என்றும் முடிவு செய்தேன்.

சாக்கும் கிடைத்தது. காலேஜில் விலங்கியல் நடத்தும் நண்பர் வேதாசலம் ஒரு சிப்பி கேட்டிருந்தார். சுண்டுவிரல் நகத்தளவுதானாம். ஒரு ஓரம் மூக்கு மாதிரி நீண்டிருக்குமாம். மற்ற சிப்பிகள் தண்ணீரை வடிகட்டிப் பிழைக்கும்போது, இது மட்டும் மாமிச பட்சிணி. சேற்றில் புதைந்து, மூக்கு நுனியை வெளியே நீட்டிக் காத்திருக்கும். பொடி இறால் ஒன்று மேலே வந்ததோ — ஒரே உறிஞ்சு!

"கரையோரம் கிடைக்காது. ஆழத்துச் சேற்றில்தான் இருக்கும்" என்று சொல்லி, கயிறு கட்டிய இரும்பு வாளி ஒன்றையும் கொடுத்தார்.

கட்டுமரக்காரர் ஏகாம்பரம் கேட்டுவிட்டுச் சிரித்தார். "இத்தினிக்கோண்டு சிப்பி கறி துன்னுதா? இன்னா சார், காதுல பூ சுத்துறீங்க?"

கிளம்பும்போதே பனி. அதோடு போகிப் புகை வேறு. எப்படித் திரும்புவது என்று கேட்டேன்.

"மில்லு சங்கு ஊதும் சார். சத்தம் வர்ற பக்கம் துடுப்பு போட்டா வூடு" என்றார். தைரியமாக உட்கார்ந்தேன்.

முதலில் வாளியை இறக்கியபோது பாதிக் கயிற்றிலேயே தரை தட்டியது. வந்தது வெறும் மணல். அதற்குள் கரை மறைந்துவிட்டது. ஊர்க்கதை பேசிக்கொண்டே மிதந்தோம். மறுபடி இறக்கினோம். கயிறு போனது... போனது... கையில் நுனி மட்டும் மிஞ்சியபோதுதான் நின்றது. கரிய சேறு மேலே வந்தது. அலசினேன். உள்ளங்கையில் மூக்கு நீண்ட சிப்பி!

சந்தோஷம் ஒரு நிமிஷம்கூட நிற்கவில்லை. இது இங்கே இருக்கிறதென்றால், நாங்கள் கரையோரத்தில் இல்லை. நீரோட்டம் இழுத்து வந்துவிட்டது. எவ்வளவு தூரம்? கரை எந்தப் பக்கம்?

"ஏகாம்பரம், சங்கு ஏன் இன்னும் ஊதலை?"

அவர் முகம் வெளுத்தது. "போகிக்கு மில்லு லீவு சார். மறந்தே பூட்டேன்."

அப்போது ஊதியது. சங்கு அல்ல, கப்பல். இன்னொரு முறை... இன்னும் கிட்டத்தில். அவ்வளவு கிட்டத்தில் ஊதியதால், பனிக்குள் சத்தம் நாலா பக்கமிருந்தும் வருகிற மாதிரி இருந்தது.

"துறைமுகத்துக்கு வர்ற ஸ்டீமரு. நாம அவன் கண்ணுக்குத் தெரிய மாட்டோம். கரைப் பக்கம் தள்ளிகினா அவன் வழிய வுட்டு வெலகிடலாம்... ஆனா கரை எங்க கீது?"

தப்பான பக்கம் தள்ளினால் கப்பலுக்கு அடியில்தான். வீட்டில் மனைவியிடம் சரியாகச் சொல்லிக்கொண்டுகூட வரவில்லையே! என் காலுக்குக் கீழே அத்தனை ஆழத்தில் மூக்கு நீட்டிக் காத்திருக்கும் சிப்பிகளை நினைத்தேன். இப்போது யார் இறால்?

"அந்த ராசிகெட்ட சிப்பிய கடாசு சார்!" என்று கத்தினார் ஏகாம்பரம். கடாசினேன்.

கப்பல் மறுபடி ஊதி ஓய்ந்தது. அந்த மௌனத்தில் எங்கேயோ மெல்லிசாக... டம். டமடம. டமடம.

"சார்! மோளம்! பசங்க மோளம் அடிக்குதுங்கோ! கரை அந்தாண்ட!"

அவர் துடுப்பால், நான் வாளியால். தண்ணீரை எப்படித் தள்ளினோம் என்று கேட்காதீர்கள். முதுகுக்குப் பின்னால் பனியைக் கிழித்துக்கொண்டு ஒரு கறுப்புச் சுவர் போனது. அது எழுப்பிய அலையில் இருவரும் மரத்தைக் கட்டிக்கொண்டு குப்புறக் கிடந்தோம். மேளச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டே கரை சேர்ந்தோம்.

சிப்பி எங்கே என்று வேதாசலம் கோபித்துக்கொள்கிறார். அது அதன் வீட்டில் சௌக்கியமாக இருக்கிறது, நானும் என் வீட்டில் அப்படியே என்று சொல்லிவிட்டேன்.

அடுத்த போகிக்கு என் ஜன்னல் திறந்தே இருக்கும்... கொஞ்சம் பலமாகவே அடியுங்கள், பிள்ளைகளே!