மணிமுத்தாற்றங்கரைச் சத்திரத்தில் அடைத்திருந்த அறை

பங்குனியில் நான் மேற்கே போனது மலை பார்க்க அல்ல, தம்பி சாமுவேலைத் தேடி. வேதப் புத்தகம் விற்க ஊர் ஊராகப் போனவன், மூன்று வாரமாகக் கடிதம் போடவில்லை. கடைசிக் கார்டில் ஒரு சத்திரத்தைக் குறித்திருந்தான். அவன் உயிரோடு இருக்கிறானா என்று தெரியாமல் பாளையங்கோட்டையில் என்னால் பாடம் நடத்த முடியவில்லை.

திருநெல்வேலியில் காலை ஏழரைக்கு ரயில். கல்லிடைக்குறிச்சிக்கு மூன்றாம் வகுப்பில் மூன்றே முக்கால் அணா. சேரன்மகாதேவி வயல்களை வேறு சமயமாக இருந்தால் ரசித்திருப்பேன். கல்லிடைக்குறிச்சியிலிருந்து நான்கு மைல் மாட்டு வண்டிக்கு ஆறணா.

"அந்தச் சத்திரத்துக்கா? அங்கன இப்பம் யாரும் தங்குததில்லையே வே" என்றார் வண்டிக்காரர்.

பாதிக் கூரை சரிந்து கிடந்தது. வேதப் புத்தகம் விற்கும் சாமுவேல் இங்கே தங்கினானா என்று கேட்டேன். சத்திரத்தைப் பார்த்துக்கொள்ளும் சுடலையாண்டி நான் போட்டிருந்த கோட்டை மேலும் கீழும் பார்த்தார். "அப்படி யாரும் இங்கன வரலை ஐயா."

ஆனால் மூலையில் சாமுவேலின் குடை சாத்தியிருந்தது. உடைந்த அதன் பிடியில் செம்புக்கம்பி சுற்றியவனே நான்தான். கொன்று போட்டுவிட்டார்களோ? உள்ளறை ஒன்று அடைத்திருந்தது. குடையைப் பற்றிக் கேட்காமல், சாப்பிட்டுப் போகிறேன் என்று உட்கார்ந்தேன்.

மதியம் அவர் மனைவி இலை போட்டார். குழம்பில் ஒரு கடுகுகூட இல்லை, ரசத்திலும் இல்லை. அம்மை கண்ட வீட்டில் குணமாகித் தலைக்குத் தண்ணீர் ஊற்றும்வரை தாளிக்கமாட்டார்கள். ஞாயிறு பள்ளியில் இதை நானே கேலி செய்திருக்கிறேன்.

"உள்ளே யாருக்கும்மா அம்மை?" என்றேன்.

அவர் கணவரைத் திரும்பிப் பார்த்தார். சுடலையாண்டிதான் கைகூப்பினார். "கொட்டகைக்குக் கொண்டு போயிராதீய ஐயா. பைய பிழைச்சு வாரான்."

கோட்டைப் பார்த்து என்னைச் சுகாதார இன்ஸ்பெக்டர் என்று நினைத்திருக்கிறார்கள். அம்மை கண்டவர்களை ஊருக்கு வெளியே கொட்டகையில் போட்டுவிடுவார்கள் என்று பயம். நான் அவனுடைய அண்ணன் என்றேன். அந்த அம்மாள் உள்ளே போய்த் திரும்பினார்.

"அண்ணாச்சி, உங்களை உள்ள விடக்கூடாதுன்னு சொல்லுதான். உங்க வீட்டுல கைப்பிள்ளை இருக்காம்லா."

கதவுக்கு வெளியே உட்கார்ந்து அழுதேன். ஒன்பது நாள் அங்கேயே கிடந்தேன்.

இந்த வழியே போகிறவர்கள் பாயும் அரிசியும் கொண்டுபோங்கள். ஆற்றுத் தண்ணீர் நன்றாக இருக்கும். முக்கியமாக, அம்மை குத்திக்கொண்டு புறப்படுங்கள். சாமுவேல் ஊசிக்குப் பயந்து தள்ளிப்போட்டவன்.

ஒன்பதாம் நாள் அந்த அம்மாள் அவனுக்கு வேப்பிலைத் தண்ணீர் ஊற்றினார். வெளியே வந்தவனின் முகம் எனக்கு அடையாளம் தெரியவில்லை. நான்கு முழம் தள்ளியே நின்றான்.

"பிள்ளைக்குப் பல்லு முளைச்சிருச்சா அண்ணே?" என்று கேட்டான்.